சிலம்பும் சட்டையும்: சாட்சியின் பக்கமிருந்து ஒரு வாசிப்பு

நமது இலக்கியங்களில் வழக்குக் காட்சிகளுக்குப் பஞ்சமில்லை. அரசவையில் நியாயம் கேட்கும் பெண், பொய்க் குற்றம் சுமத்தப்பட்ட இளைஞன், ஆராய்ச்சி மணியை அசைத்த பசு என அவை பாடப்புத்தகங்களிலும் பட்டிமன்றங்களிலும் திரும்பத் திரும்ப வந்துகொண்டிருக்கின்றன. அவை பற்றிய விமர்சனங்களும் ஏராளம். எனினும் அவ்விமர்சனங்கள் பெரும்பாலும் இரண்டு இடங்களில் நின்றே பேசுகின்றன. ஒன்று பாதிக்கப்பட்டவரின் இடம். மற்றது தீர்ப்பு வழங்குபவரின் இடம். இவ்விருவருக்கும் இடையே இன்னொருவர் நிற்கிறார். அவர்தான் சாட்சி. கண்டதைச் சொல்ல வந்த அவருக்கு வழக்கினால் கிடைக்கப்போவது எதுவுமில்லை. இழப்பதற்கு மட்டும் நிறைய இருக்கிறது.

சாட்சியைப் பாதுகாப்பதும் எதிரிக்கு நியாயமான விசாரணை வழங்குவதும் ஒன்றுக்கொன்று முரணானவை என்ற எண்ணம் நம்மிடையே பரவலாக உண்டு. சாட்சிக்கு மறைப்புக் கொடுத்தால் எதிரியின் உரிமை குறையும், எதிரிக்குக் கேள்வி கேட்க இடம் கொடுத்தால் சாட்சி நொந்துபோவார் என்று ஒரு தராசின் இரண்டு தட்டுகளைப் போல இவற்றை வைத்துப் பேசுகிறோம். நமக்கு நன்கு பழக்கமான சில பிரதிகளைச் சாட்சியின் பக்கமிருந்து மீண்டும் வாசித்தால் வேறொன்று தெரிகிறது. சாட்சியைக் கேட்காத அவையில் எதிரியும் கேட்கப்படுவதில்லை. சாட்சியை மிரட்டக்கூடிய கை எதிரியையும் மிரட்டும். இதனைப் பிரதிகளினூடாகவும் பின்னர் நமது நாட்டு அனுபவத்தினூடாகவும் நிறுவ முயல்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

1

சிலப்பதிகாரத்தின் வழக்குரை காதையைப் பல ஆண்டுகளாக மாணவர்களுக்குப் படிப்பித்து வருகின்றோம். கண்ணகியின் ஆவேசம், பாண்டியனின் உயிர்த்தியாகம், கற்பின் வலிமை ஆகிய தலைப்புகளில் மாணவர்கள் கட்டுரை எழுதிப் புள்ளி பெறுகிறார்கள். ஆனால் அந்த வழக்கின் முதல் விசாரணை வழக்குரை காதையில் இல்லை. அது அதற்கு முந்திய கொலைக்களக் காதையிலேயே நடந்து முடிந்துவிடுகிறது. அதனை விசாரணை என்று சொல்வதே கடினம்.

அங்கே ஒரேயொரு சாட்சிதான். அவன் பொற்கொல்லன். அரசியின் சிலம்பைத் திருடியவனும் அவனே. தன் களவு வெளிப்படும் முன்னர் வேறொருவனைக் காட்டிக்கொடுக்க வேண்டிய தேவை அவனுக்கு இருந்தது. அவனுடைய சொல்லை எவரும் சோதிக்கவில்லை. அரசியின் ஊடலைத் தணிக்க விரைந்துகொண்டிருந்த மன்னன், சிலம்பு அக்கள்வன் கையில் இருந்தால் அவனைக் கொன்று சிலம்பைக் கொண்டுவரும்படி வழியிலேயே கட்டளையிடுகிறான். கோவலனைப் பார்த்த காவலருள் ஒருவன் இவன் கள்வனாகத் தோன்றவில்லையே என்று தயங்குகிறான். அந்த நேர்மையான ஐயத்தையும் பொற்கொல்லன் களவு நூலின் நுட்பங்களை அடுக்கிச் சொல்லி மழுங்கடித்து விடுகிறான். குடிவெறியிலிருந்த ஒருவனின் வாள் வழக்கை முடித்து வைக்கிறது. கோவலனிடம் ஒரு கேள்வி கூடக் கேட்கப்படவில்லை.

இங்கு நாம் பொதுவாகக் கவனிக்கத் தவறும் ஓர் உண்மை உண்டு. கோவலனுக்காகச் சாட்சி சொல்லக்கூடியவர்கள் மதுரையிலேயே இருந்தார்கள். புகாரிலிருந்து உடன் நடந்துவந்த கவுந்தியடிகள் இருந்தார். அடைக்கலம் கொடுத்த இடைக்குல மூதாட்டி மாதரி இருந்தாள். அவன் ஊருக்கு எப்போது வந்தான், கையில் கொண்டுபோன சிலம்பு யாருடையது என்பவற்றை அவர்களால் சொல்லியிருக்க முடியும். அவர்களைத் தேடிப் போக வேண்டும் என்ற எண்ணம் அரசுக்கு வரவில்லை. பின்னர், மாதரி தீயில் விழுந்ததையும் கவுந்தியடிகள் உண்ணா நோன்பிருந்து உயிர் நீத்ததையும் மாடலன் வாய்வழியாக இளங்கோ நமக்குச் சொல்கிறார். கேட்கப்படாத இரண்டு சாட்சிகளும் தம்மைத் தாமே தண்டித்துக்கொண்டார்கள். அடைக்கலம் பொய்த்ததன் துயரமாக இதனை உரையாசிரியர்கள் விளக்குவர். சொல்ல வேண்டியதைச் சொல்லும் இடம் கிடைக்காதவர்களின் முடிவு என்றும் இதனை வாசிக்கலாம்.

அதன் பின்னரே கண்ணகி வருகிறாள். வேற்றூர்ப் பெண், புதிதாக விதவையானவள், தலைவிரி கோலம். அவளுக்காகப் பேச எவருமில்லை. இன்றைய சட்டம் பலவீன நிலையிலுள்ள சாட்சி என்று எவரைச் சொல்கிறதோ, அந்த வரைவிலக்கணம் முழுவதற்கும் அவள் பொருந்துகிறாள். வாயிற்காவலன் அவள் தோற்றத்தைக் கண்டு நடுங்குகிறான். ஆனாலும் செய்தியை உள்ளே கொண்டு செல்கிறான். மன்னன் அவளை உள்ளே அழைக்கிறான், பேசவிடுகிறான். கள்வனைக் கொல்வது கொடுங்கோலன்று என்று தன் பக்கத்தையும் சொல்கிறான். அவள் தன் சிலம்பின் பரல் மாணிக்கம் என்கிறாள். அவன் தங்கள் சிலம்பின் பரல் முத்து என்கிறான். சிலம்பு வருகிறது, உடைகிறது, மாணிக்கம் தெறிக்கிறது.

இது ஒரு முறையான விசாரணை என்பதைக் கவனிக்க வேண்டும். இரு தரப்பும் தத்தம் கூற்றை முன்கூட்டியே சொல்லிவிட்டன. சோதிக்கும் பொருள் அவையின் நடுவில் வைக்கப்பட்டது. முடிவு எல்லோர் கண்ணுக்கும் தெரிந்தது. கோவலனுக்கு மறுக்கப்பட்ட அனைத்தும் அவன் இறந்த பின் கண்ணகிக்குக் கிடைத்தன. பாண்டியனின் குற்றம் கெட்ட மனம் அல்ல. கேட்பதற்கு முன்பே முடிவெடுத்ததே அவன் குற்றம். அதனால்தான் உண்மை தெரிந்ததும் தன்னையே கள்வன் என்று சொல்லி விழ அவனால் முடிந்தது.

மதுரையை எரிக்க ஏவிய தீயிடம், எவரெவரைத் தொடக்கூடாது என்று கண்ணகி ஒரு வரையறை கொடுத்தாள். பார்ப்பாரும் அறவோரும் பசுக்களும் பத்தினிப் பெண்டிரும் முதியவரும் குழந்தைகளும் அதில் அடங்குவர். கோபத்தின் உச்சியில் நின்ற ஒரு பெண்ணுக்குத் தோன்றிய அந்த வரையறை, பின்னர் அரியணை ஏறிய வெற்றிவேற் செழியனுக்குத் தோன்றவில்லை. கண்ணகியின் சினம் தணிய ஒரே நாளில் ஆயிரம் பொற்கொல்லரை அவன் பலியிட்டதாகக் காப்பியம் கூறுகிறது. அதன் பின் நாட்டில் மழை பெய்து வளம் சுரந்ததாகவும் கூறுகிறது. நமது விமர்சகர்கள் இந்த இடத்தை வேகமாகக் கடந்து போகிறார்கள். ஒருவனை விசாரிக்காமல் கொன்ற பிழைக்கு, ஆயிரம் பேரை விசாரிக்காமல் கொன்றது பரிகாரமாயிற்று. பொய்ச்சாட்சி சொன்னவன் ஒருவன்; தலை கொடுத்தது அவன் தொழிலைச் செய்த அத்தனை பேரும். ஒருவன் குற்றத்துக்கு ஒரு கூட்டமே பதில் சொல்ல வேண்டியிருந்த நாட்களைக் கண்ட நமக்கு, அந்த ஆயிரவரைக் கடந்து போவது எளிதாக இருக்கக் கூடாது.

2

சிலம்பின் பக்கத்தில் வைத்து வாசிக்க வேண்டிய இன்னொரு வழக்கு, அல்குர்ஆனின் பன்னிரண்டாவது அத்தியாயத்தில் வரும் நபி யூசுப் (அலை) அவர்களின் வழக்கு. கவிஞர் சாரண பாஸ்கரனின் யூசுப் ஜுலைகா காப்பியத்தின் வழியாக நம்மிடையே பலருக்கு இது இலக்கியமாகவும் பழக்கமானது. காதல் கதையாகவும் பொறுமைக்கு எடுத்துக்காட்டாகவும் நாம் இதை அறிவோம். குற்றவியல் வழக்காக இதை அதிகம் பார்த்ததில்லை.

எதிரி ஓர் அடிமை, அந்நியன், இளைஞன். முறைப்பாட்டாளர் எஜமானி. விசாரிப்பவர் அவளுடைய கணவர். தண்டனையையும் அவளே முன்மொழிகிறாள்: சிறை அல்லது கடும் வேதனை. எதிரிக்குச் சாதகமாக எதுவுமே இல்லாத சூழ்நிலை இது. இந்த இடத்தில் அவளுடைய குடும்பத்திலிருந்தே ஒருவர் சாட்சியாக முன்வருகிறார். சட்டை முன்புறம் கிழிந்திருந்தால் அவள் சொல்வது உண்மை, பின்புறம் கிழிந்திருந்தால் அவர் சொல்வது உண்மை என்று ஓர் அளவுகோலை வைக்கிறார். சட்டை பார்க்கப்படுகிறது. அது பின்புறம் கிழிந்திருக்கிறது.

இச்சாட்சியம் அமைந்திருக்கும் விதத்தை நின்று நோக்க வேண்டும். அவர் எவருக்குச் சார்பாகவும் பேசவில்லை. இரண்டு சாத்தியங்களையும் சமமாக வைத்தார். அதிலும் எஜமானி உண்மை சொல்லியிருக்கக் கூடிய சாத்தியத்தையே முதலில் வைத்தார். முறைப்பாடு செய்த பெண்ணை இழிவுபடுத்தவில்லை. அடிமையை நம்பவும் சொல்லவில்லை. பொருளைப் பாருங்கள் என்றார்.

இன்னொன்று. அந்தச் சாட்சியின் பெயர் வசனத்தில் இல்லை. தொட்டில் குழந்தை என்று சில விரிவுரையாளர்களும், விவேகமுள்ள உறவினர் ஒருவர் என்று வேறு சிலரும் கருதினர். தன் சொந்தக் குடும்பத்தின் பெரிய வீட்டுக்கு எதிராக வாய் திறந்தவர் அவர். அவர் யாரென்பது நமக்குத் தெரியாது. அவர் வைத்த அளவுகோல் முழுமையாகத் தெரியும். இன்று நீதிமன்றங்கள் தலையைப் பிய்த்துக்கொள்ளும் கேள்விக்கு இப்பிரதியில் ஒரு குறிப்பு இருப்பதாக நான் கருதுகிறேன். சாட்சியின் அடையாளத்தைத் தேவைக்கேற்ப வெளியுலகிலிருந்து மறைக்கலாம். சாட்சியத்தைச் சோதிக்கும் வழியை மறைக்க முடியாது. இதே அத்தியாயத்தின் தொடக்கத்தில் இன்னொரு சட்டையும் வருகிறது. சகோதரர்கள் பொய் இரத்தம் பூசித் தந்தையிடம் கொண்டுவந்த சட்டை அது. ஆக, பொருட்சான்றும் பொய் சொல்லக் கூடியது. அதையும் சோதிக்க வேண்டும் என்பதைக் கதை மறக்கவில்லை.

குற்றமற்றவர் என்பதற்கான அடையாளங்களைக் கண்ட பின்னரும் அவரைச் சிறையில் அடைக்கவே அதிகாரத்திலிருந்தோர் முடிவு செய்தனர். ஆண்டுகள் கழிந்து மன்னர் அழைத்தபோது யூசுப் நபி உடனே வெளியே வரவில்லை. கைகளை வெட்டிக்கொண்ட பெண்களின் விடயம் என்னவென்று முதலில் விசாரிக்கச் சொன்னார். விசாரணை நடந்தது. அப்பெண்கள் சாட்சி சொன்னார்கள். எஜமானியும் உண்மையை ஒப்புக்கொண்டாள். கதவு திறந்ததும் வெளியேறுவது மனித இயல்பு. அவருக்கு வேண்டியிருந்தது மன்னிப்போ சலுகையோ அல்ல, ஒரு தீர்ப்பு. பிணையில் வந்தும் பெயரில் ஒட்டிய கறை நீங்காமல் ஊருக்குள் தலைகுனிந்து நடக்கும் இளைஞர்களைக் கண்டவர்களுக்கு இந்த வேறுபாட்டை விளக்கத் தேவையில்லை.

3

சாட்சியின் கடமை பற்றி நமது மேடைகளில் அடிக்கடி கேட்கிறோம். பெற்றோருக்கு எதிராகவேனும் உண்மை சொல்ல வேண்டும், அழைத்தால் மறுக்கக் கூடாது என்று உபதேசிக்கப்படுகிறது. கடன் ஒப்பந்தம் பற்றிய அந்த நீண்ட வசனத்தில் (2:282) சாட்சிகள் அழைக்கப்படும்போது மறுக்கலாகாது என்று சொன்ன கையோடு, எழுதுபவருக்கோ சாட்சிக்கோ தீங்கு இழைக்கப்படலாகாது என்ற கருத்தும் வருகிறது. கடமையும் பாதுகாப்பும் ஒரே வசனத்தில் நிற்கின்றன. நாம் முதற்பாதியைப் பேசி மறுபாதியை விட்டுவிடுகிறோம்.

சாட்சியை அழைப்பவர் எதைத் தர வேண்டும் என்பதற்கு உமறுப் புலவரின் சீறாப்புராணத்தில் ஒரு படிமம் உண்டு. மானுக்குப் பிணை நின்ற படலம் அது. வேடனின் வலையில் சிக்கிய பெண்மான், தன் குட்டிக்குப் பாலூட்டித் திரும்பி வருவதாகச் சொல்கிறது. அதன் சொல்லை நம்ப வேடனுக்குக் காரணமில்லை. நபிகளார் பிணை நிற்கிறார்கள். மான் குட்டியோடு திரும்புகிறது. அன்பின் வெளிப்பாடாக இப்படலத்தை விளக்கும் நாம், அதன் நடைமுறைப் பொருளையும் காண வேண்டும். எளியதன் சொல் மதிக்கப்பட வேண்டுமானால், வலிய ஒருவர் அதற்கான ஆபத்தைத் தன் தலையில் ஏற்க வேண்டும். அதேவேளை வேடனின் உரிமையும் அங்கே பறிக்கப்படவில்லை. சாட்சியைக் கூண்டுக்கு அழைக்கும் அரசும் அவ்வாறே பிணை நிற்கக் கடமைப்பட்டது.

4

நமது நாட்டில் அரசு அவ்வாறு பிணை நின்றதா? இரண்டு நிகழ்வுகளை மட்டும் எடுத்துக்கொள்வோம்.

2002 ஜூனில் ஜெரால்ட் பெரேரா என்பவர் ஆள்மாறாட்டத்தினால் கைது செய்யப்பட்டுப் பொலிஸ் நிலையத்தில் சித்திரவதைக்கு உள்ளானார். உயர் நீதிமன்றம் 2003 இல் அவருடைய அடிப்படை உரிமைகள் மீறப்பட்டதை ஏற்று நட்டஈடு வழங்கியது. சித்திரவதை தொடர்பான குற்றவியல் வழக்கு நீர்கொழும்பு மேல் நீதிமன்றத்தில் இருந்தது. அதில் சாட்சியம் அளிப்பதற்குச் சில நாட்களே இருந்தபோது, 2004 நவம்பரில் அவர் சுடப்பட்டு இறந்தார். தனக்கு நடந்ததைச் சொல்ல அவரைவிடத் தகுந்த சாட்சி எவரும் இருந்திருக்க முடியாது.

2006 ஜனவரி 2 ஆம் திகதி திருகோணமலைக் கடற்கரையில் ஐந்து தமிழ் மாணவர்கள் கொல்லப்பட்டனர். குண்டு வெடித்து இறந்ததாகச் சொல்லப்பட்டபோது, உடல்களில் துப்பாக்கிக் காயங்கள் இருப்பதைக் காட்டும் படங்களை வெளிக்கொணர்ந்தவர் ஊடகவியலாளர் சுப்பிரமணியம் சுகிர்தராஜன். கண்ணகி உடைத்த சிலம்பைப் போல, யாரும் மறுக்க முடியாத பொருட்சான்று அது. அம்மாதம் 24 ஆம் திகதியே அவரும் சுட்டுக் கொல்லப்பட்டார். 2013 இல் பாதுகாப்புத் துறையைச் சேர்ந்த பதின்மூன்று பேர் கைதாகினர். முக்கிய சாட்சிகள் அச்சத்தினால் நாட்டை விட்டே போயிருந்தனர். போதிய சாட்சியம் இல்லை என்று 2019 ஜூலையில் நீதவான் நீதிமன்றம் பதின்மூன்று பேரையும் விடுவித்தது. இத்தீர்ப்பினால் இரு தரப்புமே இழந்தன. பெற்றோருக்கு நீதி கிடைக்கவில்லை. விடுவிக்கப்பட்டோருள் நிரபராதி எவரேனும் இருந்திருந்தால், அதை நிரூபித்துக் கறை நீக்கும் விசாரணை அவருக்கும் கிடைக்கவில்லை.

பாதிக்கப்பட்டோருக்கும் சாட்சிகளுக்குமான உதவி, பாதுகாப்பு பற்றிய முதலாவது தனிச்சட்டம் 2015 இலேயே (4 ஆம் இலக்கம்) வந்தது. ஜெரால்ட் பெரேரா இறந்து பத்து ஆண்டுகளுக்கு மேல் கழிந்த பின். தேசிய அதிகாரசபை ஒன்றும், தொலைவிலிருந்து காணொளி வழியாகச் சாட்சியம் அளிக்கும் ஏற்பாடும் அதன் கீழ் வந்தன. வெளிநாட்டிலிருந்து சாட்சியமளிப்பதற்கான வழி 2017 இன் திருத்தத்தோடு வந்தது. 2023 இன் 10 ஆம் இலக்கச் சட்டம் இதன் இடத்தை எடுத்துக்கொண்டது. திருகோணமலை வழக்கு விடுவிப்பில் முடிந்தபோது இவ்வேற்பாடுகள் சட்டப் புத்தகத்தில் இருந்தன என்பதை மறக்கக் கூடாது. ஏட்டில் இருக்கும் பாதுகாப்பு, சாட்சியின் வீட்டு வாசலுக்கு வந்து சேர்வது வேறு கதை.

5

மறுபக்கத்தையும் பார்க்க வேண்டும். சாட்சியைப் பாதுகாக்க வேண்டும் என்ற நியாயம், சாட்சியை எவரும் கேள்வி கேட்கக் கூடாது என்ற நிலைக்குப் போய்விடலாகாது. ஏனெனில் சாட்சியை அச்சுறுத்திப் பேசாமல் செய்வது போலவே, அச்சுறுத்திப் பேச வைக்கவும் முடியும்.

ஆசிரியத் தொழிலில் இருப்பவர்கள் இதை அறிவார்கள். வகுப்பில் ஒரு பொருள் காணாமற்போய்விட்டால், ஒரு சிறுவனைத் தனியே நிறுத்தி “நீதானே எடுத்தாய்?” என்று கேட்டுப் பாருங்கள். எடுக்காத பிள்ளையும் சில வேளை “ஓம் சேர்” என்று தலையசைக்கும். “அவன்தானே எடுத்தான்?” என்று மாற்றிக் கேட்டால் அதற்கும் தலையசைக்கும். “என்ன நடந்தது, சொல்லு மகன்” என்று கேட்டுவிட்டுப் பொறுத்திருந்தால்தான் நடந்தது வெளியே வரும். நமது சான்றுக் கட்டளைச் சட்டம் முதல் விசாரணையில் பதிலை ஊட்டும் கேள்விகளைக் கட்டுப்படுத்துகிறது. குறுக்கு விசாரணையில் அனுமதிக்கிறது. வளர்ந்தவரின் பொய்யைப் பிடிக்க அது நல்ல கருவி. பிள்ளையிடம் அதே கருவி, கேட்பவருக்கு வேண்டிய பதிலைப் பிடுங்கித் தரும்.

2020 இல், ஒரு சட்டத்தரணி பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ்த் தடுத்து வைக்கப்பட்டிருந்த காலத்தில், புத்தளத்தைச் சேர்ந்த சில சிறுவர்கள் சார்பில் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுக்கள் தாக்கலாயின. தாம் அறியாத விடயங்களை அறிந்ததாகக் கூறும்படி விசாரணையாளர்கள் நிர்ப்பந்தித்ததாக அம்மனுக்களில் முறையிடப்பட்டிருந்தது. அம்முறைப்பாட்டைத் தீர்மானிக்க வேண்டியது நீதிமன்றமே. ஆனால் சிறுவரை விசாரிக்கும் அறையில் யார் இருந்தார், என்ன கேட்டார், எப்படிக் கேட்டார் என்பதற்குத் தொடக்கம் முதல் முடிவு வரை ஒளிப்பதிவு இருந்தால் இப்படியொரு சர்ச்சைக்கே இடம் இல்லை. 1999 இன் திருத்தத்தின் மூலம் சிறுவரின் ஒளிப்பதிவுச் சாட்சியத்தை ஏற்கும் ஏற்பாடு நமது சட்டத்துக்கு வந்துவிட்டது. இத்தகைய பதிவு பிள்ளையையும் காக்கிறது, எதிரியையும் காக்கிறது. நேர்மையான விசாரணை அதிகாரியையும் காக்கிறது.

பிற நாடுகளும் இதே கயிற்றில்தான் நடக்கின்றன. இங்கிலாந்தின் 1999 ஆம் ஆண்டுச் சட்டம் பலவீனமான சாட்சிகளுக்குத் திரை, காணொளி, கேள்வியைப் பிள்ளைக்குப் புரியும்படி எடுத்துச் சொல்லும் இடையாள் ஆகிய வசதிகளைக் கொண்டுவந்தது. அதே நாட்டில் பெயரையும் முகத்தையும் குரலையும் மறைத்த சாட்சிகளை நம்பி ஒருவர் கொலைக் குற்றவாளியாகக் காணப்பட்டபோது, 2008 இல் பிரபுக்கள் சபையின் நீதியரசர்கள் அந்த விசாரணை நியாயமற்றது என்றனர். இதையடுத்து அவ்வாண்டே பாராளுமன்றம் தனிச்சட்டம் இயற்றி, எப்போது எந்த நிபந்தனையோடு அடையாளத்தை மறைக்கலாம் என்று வரையறுத்தது.

ஹேக் நகரிலுள்ள சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றத்தின் முதலாவது வழக்கு, கொங்கோவின் தோமஸ் லுபங்காவுக்கு எதிரானது. சிறுவரைப் படையில் சேர்த்ததே குற்றச்சாட்டு. 2009 ஜனவரியில் முதற்சாட்சியாக வந்த இளைஞன், எதிரி முன்னால் இருக்கச் சாட்சியம் சொல்லி, அன்றே தன் வாக்குமூலத்தை மாற்றினான். சில நாட்களின் பின் எதிரியின் பார்வை படாத ஏற்பாட்டோடு மீண்டும் வந்து சாட்சியம் சொன்னான். கதை இத்தோடு முடிந்திருந்தால் பாதுகாப்பின் வெற்றி என்று எழுதி முடித்திருக்கலாம். ஆனால் 2012 மார்ச் தீர்ப்பில், முன்னாள் சிறுவர் படையினர் எனப்பட்டோரின் சாட்சியங்களை நம்பத்தக்கவையாக நீதிபதிகள் ஏற்கவில்லை. இடையில் நின்ற ஆட்கள் அவற்றில் கைவைத்திருக்கும் ஆபத்து இருந்ததாகக் கண்டனர். படையினரிடையே தெளிவாகவே சிறுவர்கள் தெரிந்த ஒளிப்பதிவு உள்ளிட்ட வேறு சான்றுகளைக் கொண்டே லுபங்கா குற்றவாளியாகக் காணப்பட்டார். அஞ்சியவனைக் காத்தது, காத்தவனையும் சோதித்தது, கடைசியில் பொருளைப் பார்த்தது என்று இத்தீர்ப்பைச் சுருக்கலாம். யூசுப் நபியின் சட்டை இங்கே நினைவுக்கு வருவது தற்செயலன்று.

6

இவையெல்லாம் சட்டத்தரணிகளின் வேலை, இலக்கியச் சஞ்சிகைக்கு இதில் என்ன என்று வாசகர் கேட்கலாம். அதற்கான பதிலும் நம்மிடையேதான் இருக்கிறது.

2020 மே மாதம் மன்னார் மாவட்டத்தைச் சேர்ந்த இளங்கவிஞரும் ஆசிரியருமான அஹ்னாப் ஜஸீம் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் கைதானார். அவருடைய ‘நவரசம்’ என்ற கவிதைத் தொகுதி தீவிரவாதத்தைப் பரப்புவதாகக் கொள்ளப்பட்டது. ஒன்றரை ஆண்டுக்கு மேல் தடுப்பிலிருந்து 2021 டிசம்பரில் பிணையில் வந்தார். 2023 டிசம்பரில் புத்தளம் மேல் நீதிமன்றம் அவரை விடுவித்தது. பக்கச்சார்பற்றோர் செய்த மொழிபெயர்ப்புகள் அக்கவிதைகள் வன்முறைக்கு எதிராகப் பேசுவதையே காட்டின. இங்கே சாட்சிக் கூண்டில் ஏற்றப்பட்டது ஒரு கவிதை நூல். அதன் மொழியை அறியாதவர்கள் அதன் சார்பில் பேசினார்கள். கவிதையில் பேசும் குரலும் கவிஞரின் வாக்குமூலமும் ஒன்றல்ல என்பது விமர்சனத்தின் அரிச்சுவடி. அந்த அரிச்சுவடி தெரியாததற்கான விலையை ஓர் இளைஞர் தன் வாழ்நாளிலிருந்து கொடுத்தார்.

விஞ்ஞானத்திலும் கலையிலும் விசேட அறிவுடையோரின் அபிப்பிராயத்தை நீதிமன்றம் கேட்கலாம் என்று சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 45 ஆவது பிரிவு சொல்கிறது. கையெழுத்தை ஒப்பிட நிபுணர் வருகிறார். கவிதையை வாசிக்கவும் நிபுணர் வர வேண்டும். ஒரு பிரதி குற்றஞ்சாட்டப்படும்போது அதன் மொழியில் பயின்ற விமர்சகர் துணிந்து கூண்டில் ஏறி, இச்சொல்லுக்கு இது பொருள், இந்தக் குரல் இவருடையதல்ல என்று சொல்ல வேண்டும். அப்படிச் சொல்பவரும் ஒரு சாட்சிதான். அவருக்கும் அச்சம் உண்டு, குடும்பம் உண்டு, தொழில் உண்டு. சாட்சிப் பாதுகாப்பு என்பது நமக்குத் தொலைவிலுள்ள விடயமல்ல என்பதை இதனால்தான் வற்புறுத்த வேண்டியிருக்கிறது.

நமது சிறுகதைகளையும் கவிதைகளையும் நோக்கியும் ஒன்று சொல்ல வேண்டும். 1990 ஆகஸ்ட் 3 இல் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுகையில் நின்றவர்கள் சுடப்பட்டபோது உயிர் தப்பியோர் இன்று முதுமையடைந்துவிட்டனர். அவர்கள் கண்டதைக் கவிஞர்களிடமும் ஊடகங்களிடமும் ஆணைக்குழுக்களிடமும் சொல்லியிருக்கிறார்கள். கொலை செய்தவர் எதிரிக் கூண்டில் நிற்க, அவர் முன் சொல்லும் நாள் அவர்களுக்கு வரவில்லை. அந்த வெற்றிடத்தை நமது எழுத்து ஓரளவு நிரப்பியிருக்கிறது. அதற்காக அதை மதிக்கிறோம். ஆனால் எழுத்து சாட்சியாகும்போது, சாட்சிக்குரிய ஒழுக்கம் அதற்கும் வேண்டும். கண்டவர் சொன்னதும் எழுதியவர் சேர்த்ததும் பிரித்தறியக் கூடியதாக இருத்தல் வேண்டும். பாதிக்கப்பட்ட பெண்ணின் பெயரையும் ஊரையும் வெளிச்சமிட்டு அனுதாபம் தேடும் கதை, அவளை இரண்டாம் முறை அவையில் நிறுத்துகிறது. கொலைகாரனின் இனத்தையே குற்றவாளியாக்கும் கவிதை, செழியனோடு சேர்ந்து ஆயிரம் பொற்கொல்லரை அழைத்துவருகிறது. இவ்விரண்டும் நம்மிடையே உண்டு. அவற்றைப் பாராட்டி எழுதும் மதிப்புரைகளும் உண்டு.

வழக்குரை காதையைப் படிப்பிக்கும் ஆசிரியர்கள் அடுத்த முறை மாணவரிடம் இன்னொரு வினாவையும் கேட்டுப் பார்க்கலாம். கோவலனுக்காகச் சாட்சி சொல்லக் கூடியவர்கள் யார், அவர்கள் ஏன் அழைக்கப்படவில்லை என்பதே அவ்வினா. பரீட்சை வினாத்தாளில் அது வராமலும் போகலாம். ஆனால் மாதரியின் பெயரை விடையாக எழுதிப் பழகிய ஒரு பிள்ளை, நாளை ஒரு பத்திரிகையாளராகவோ பொலிஸ் அதிகாரியாகவோ நீதவானாகவோ ஆகும்போது, தீர்ப்பை நோக்கி விரைவதற்கு முன் அந்த இடையர் சேரிக்கு ஒருமுறை போய்வரும்.